ஆறாம் நம்பர் ஒயர்

காதுக்காரரின் பட்டறைக்கு அந்த பிக்கப் வண்டி வந்து நின்றபோது காலை பத்து மணி, கண் கூசும் வெயில். பேய்க் கதை சொல்ல இது லாயக்கான நேரமே இல்லை. இருட்டும் மழையும் இருந்திருந்தால் எனக்கும் வசதியாக இருந்திருக்கும். என்ன செய்ய, நடந்ததை மாற்றிச் சொல்ல வாய் வரமாட்டேன் என்கிறது.

வண்டிக்கு முன்னால் அதன் டயர் சத்தம் வந்து சேர்ந்தது. இடுப்புயரத்துக்கு நிற்கும் மண்பாதை டயர்கள் தார் ரோட்டில் உய்யென்று இரைந்துகொண்டு வந்தன. கம்பெனி கொடுத்த உயரத்துக்கு மேல் ஆறு அங்குலம் தூக்கிக் கட்டிய வண்டி. "அடேயப்பா, ஏறணும்னா ஏணி கொண்டாரணும் போல" என்று காதுக்காரர் கையைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்தார். அன்று பட்டறைக்கு விடுமுறை. அவர் மட்டும்தான் இருந்தார்.

ஓட்டி வந்தது ஒரு பெண். பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள், முப்பத்தைந்து வயதிருக்கும். இறங்கியதும் வணக்கம்கூடச் சொல்லவில்லை.

"எழுபத்திரண்டு ஸ்பீடுல ஆடுதுண்ணே. எழுபதுல இல்ல, எழுபத்தஞ்சுல இல்ல. சரியா எழுபத்திரண்டு. அஞ்சு பட்டறை ஏறி இறங்கிட்டேன். அது எங்க இருந்து வருதுன்னு மட்டும் சொல்லுங்க. சரி பண்ணக்கூட வேணாம்."

"சரி பண்ண வேணாம்னு என்கிட்ட வந்த மொத ஆளு நீங்கதாம்மா" என்று சிரித்தார் காதுக்காரர். "நிம்மதியா இருங்க. கண்டுபிடிக்காம நான் இந்த வண்டிய விட்டு எறங்க மாட்டேன்."

அது அவர் எல்லோரிடமும் சொல்கிற வசனம்தான். அந்தப் பெண் மட்டும் அதைக் கேட்டுத் தலையை மெல்ல ஆட்டினாள். எங்கோ எழுதி வைத்துக்கொள்வதைப் போல இருந்தது அந்த ஆட்டம்.

காதுக்காரர் என்ற பட்டம் சும்மா வரவில்லை. எந்த ஊரில் வண்டி நின்றாலும் சரி, போனை எஞ்சின் பக்கம் நீட்டினால் போதும், இங்கே உட்கார்ந்தபடியே பேரிங்கா, பெல்ட்டா, பல்சக்கரமா என்று சொல்லிவிடுவார். ஒரு நாளைக்குப் பத்துப் பன்னிரண்டு போன் வரும். எல்லாவற்றையும் ரெக்கார்டு செய்து, கீழே வியாதியின் பெயரையும் எழுதி, 'நோயாளிகள்' என்று ஒரு ஃபோல்டரில் போட்டு வைத்திருந்தார். நாலாயிரத்துக்கு மேல் இருக்கும். அதில் அவருக்குத் தலைக்கனம் உண்டு. "ஊர் வண்டியெல்லாம் கேக்குது, நம்ம வீட்டு மிக்சி மூணு மாசமா கத்தறது மட்டும் இந்த மனுசனுக்குக் கேக்கல" என்று அவர் மனைவி சொல்வதுண்டு.

வேலையை ஆரம்பித்தார். ஸ்டீயரிங்கில் ஆட்டம் தெரிந்தால் முன் டயர், சீட்டில் தெரிந்தால் பின்பக்கம் என்பது முதல் பாடம். இரண்டிலும் தெரிந்தது. டயர்களைக் கழற்றினார். ரிம்முக்குள் காய்ந்த மண் அப்பிக் கிடந்தது, எடைக்கட்டிகள் இரண்டு காணாமல் போயிருந்தன. சுரண்டி, பேலன்ஸ் செய்து மாட்டினார். பிறகு அடியில் போய்ப் படுத்தார். அவ்வளவு உயர வண்டிக்கு அடியில் படுக்கவே வேண்டாம், உட்கார்ந்தே வேலை பார்க்கலாம். பழக்கதோஷம், படுத்தார்.

கியர்பாக்ஸிலிருந்து பின் அச்சுக்குச் சுழற்சியைக் கொண்டுபோகும் அந்த நீளமான ஷாஃப்டைப் பார்த்ததும் "கடவுளே" என்றார். வண்டியைத் தூக்கியவன் பின் அச்சில் ஷாஃப்ட் சேரும் மூக்கைத் திருப்பி வைக்கவே இல்லை. ஷாஃப்டின் இரண்டு முனையிலும் 'கிராஸ்' என்கிற மூட்டு உண்டு. இரண்டும் ஒரே கோணத்தில் மடங்கினால்தான் ஒன்றின் குலுக்கலை மற்றொன்று விழுங்கும். இங்கே ஒன்று கிழக்கே பார்த்தது, ஒன்று மேற்கே பார்த்தது. போதாக்குறைக்கு, கழற்றும்போது வெள்ளைப் பெயிண்டில் ஒரு கோடு போட்டு வைக்காமல், திரும்ப மாட்டும்போது ஒரு பல் தள்ளி மாட்டியிருந்தார்கள். "எவன்டா இவன், கைய ஒடிக்கணும்."

இன்னும் இரண்டு விஷயங்கள் அவர் கண்ணில் பட்டன. பின் ஸ்பிரிங் பட்டைகளுக்கு அடியில் வைத்த கட்டைகள் மூன்று. மூன்றிலும் துரு வேறு வேறு வயதில் இருந்தது. அடுத்தது, ஷாஃப்டின் அடிப்பக்கம். கீழே படுத்திருக்கும் ஆளின் வலது கை எட்டும் இடத்தில், சின்னச் சின்னப் பள்ளங்கள். ஸ்பேனர் முனையால் தட்டிய தடம். ஒன்றிரண்டு இல்லை, அம்மை வடு மாதிரி நிறைய.

"வண்டிய யாரும்மா தூக்குனது?" என்று அடியிலிருந்தே கேட்டார்.

"வீட்டுக்காரரோட அண்ணன். மொதல்ல ரெண்டு அங்குலம். அப்புறம் நாலு. அப்புறம் ஆறு."

"எதுக்கு, வெள்ளத்துல ஓட்டவா?"

"கீழ இருந்து தூரமா இருக்கணும்னாரு."

ரோட்டுப் பள்ளத்தைச் சொல்கிறாள் என்று அவர் நினைத்துக்கொண்டார். ஆப்பு வைத்துக் கோணத்தைத் திருத்தினார், இரண்டு கிராஸையும் புதிதாகப் போட்டார், ஷாஃப்டை நேர்க்கோட்டில் மாட்டினார். முடிக்கும்போது மணி நாலு. அந்தப் பெண் அதுவரை ஒரு ஸ்டூலில் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். டீ கொடுத்தார், அது ஆறி ஆடை கட்டிக் கிடந்தது.

"வாங்க, ஓட்டிப் பாத்துடலாம். நீங்க ஓட்டுங்க, நான் கேக்கறேன்."

அவரிடம் ஒரு பெட்டி இருந்தது. அதிலிருந்து ஆறு ஒயர், ஒவ்வொரு ஒயரின் நுனியிலும் கிளிப் வைத்த ஒரு மைக். வண்டிக்கு அடியில் வேண்டிய இடத்தில் கவ்வ வைத்து, உள்ளே ஹெட்போனை மாட்டிக்கொண்டு, குமிழைத் திருப்பினால் ஒவ்வோர் இடமாகக் கேட்கும். முதல் நாலும் சக்கரங்களுக்கு. ஐந்தாவது ஷாஃப்டுக்கு. ஆறாவது ஒயரின் கிளிப் போன மாதமே உடைந்துவிட்டது. அதைச் சுருட்டி ரப்பர் பேண்டு போட்டு மடியிலேயே வைத்துக்கொண்டார்.

ஊருக்கு வெளியே ரோடு ஆளரவம் இல்லாமல் நீண்டு கிடந்தது. ஐம்பது. அறுபது. வண்டி வழுக்கிக்கொண்டு போனது. எழுபதில் காதுக்காரர் முகத்தில் சிரிப்பு வந்துவிட்டது.

எழுபத்திரண்டு.

கண்ணாடி நடுங்கியது. கதவின் குழியில் கிடந்த சில்லறைச் சாமான்கள் கிலுகிலுத்தன. அவர் பல்லுக்குள் அந்த அதிர்வு ஏறியது.

"வேகத்த அப்படியே புடிங்க" என்று சொல்லிக் குமிழைத் திருப்பினார். ஒன்று சுத்தம். இரண்டு, மூன்று, நாலு, எல்லாம் சுத்தம். ஐந்து, அவர் மாட்டிய ஷாஃப்ட், பச்சைக் குழந்தை தூங்குகிற மாதிரி ஓடிக்கொண்டிருந்தது. அப்படியானால் ஆட்டம் எங்கிருந்து வருகிறது? நியூட்ரலில் போடச் சொன்னார். ஆட்டம் போகவில்லை.

குழப்பத்தில் கை தானாகக் குமிழை இன்னும் ஒரு சுற்றுத் திருப்பிவிட்டது.

ஆறு.

மடியில் கிடக்கிற ஒயர். எதையும் கவ்வாத ஒயர்.

அதில் ரோட்டுச் சத்தமே இல்லை. டயர் இரைச்சல் இல்லை, காற்று இல்லை. நின்றுகொண்டிருக்கிற வண்டியின் சத்தம் அது. எஞ்சின் மட்டும் மேலே, நெஞ்சுக்கு நேர் மேலே, உறுமிக்கொண்டிருந்தது. எண்ணெய் சொட்டு ஒன்று ஈர மண்ணில் விழுந்தது. பக்கத்தில், காதோடு ஒட்டி, யாரோ மூச்சு விட்டார்கள். பாதி மூச்சு. உள்ளே இழுக்க இடம் இல்லாத மூச்சு.

பிறகு தட்டல். இரும்பில் இரும்பு.

மூன்று வேகமாக. ஒன்று மெதுவாக.

காதுக்காரருக்கு இந்தத் தட்டலை எங்கோ கேட்டிருக்கிறோமே என்று தோன்றியது. எங்கே என்று யோசிப்பதற்குள் மேலேயிருந்து, தகரத்தைத் தாண்டி, மங்கலாக ஒரு ஆண் குரல் கேட்டது.

"கேக்குதா அண்ணே?"

இன்னொரு குரல் பதில் சொன்னது. போன் ஸ்பீக்கரில் வருகிற குரல். தெம்பான குரல்.

"கேக்குது, கேக்குது. கிராஸ்தான் போயிருக்கு. ஒண்ணும் அவசரமில்ல, அடுத்த வாரம் கொண்டாங்க. ஆக்சிலேட்டர இன்னும் கொஞ்சம் மிதிங்க, நல்லாக் கேக்கட்டும்."

அது அவருடைய குரல்.

"என்ன கேக்குது?" என்று அந்தப் பெண் ரோட்டிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள்.

"ஒண்ணுமில்லம்மா" என்று ஹெட்போனைப் பிடுங்கிக் கீழே போட்டார். "காத்துச் சத்தம்."

அவர் அப்படிச் சொன்னதும் தட்டல் ஹெட்போனை விட்டு வெளியே வந்தது. அவர் காலுக்குக் கீழே, தரைத் தகரத்தில். செருப்பைத் தாண்டி உள்ளங்காலில் குத்தியது.

மூன்று வேகமாக. ஒன்று மெதுவாக.

"வண்டிய ஓரங்கட்டும்மா. நிறுத்து."

"ஆக்சிலேட்டர்ல காலே இல்லண்ணே" என்றாள் அவள். "பிரேக்க மிதிச்சுக்கிட்டுத்தான் இருக்கேன்."

எட்டிப் பார்த்தார். கியர் நியூட்ரலில் இருந்தது. அவள் கால் பிரேக்கை முழுதாக அழுத்தியிருந்தது. முள் எழுபத்திரண்டிலேயே நின்றது. கதவின் பூட்டை இழுத்தார், வரவில்லை. கண்ணாடிப் பொத்தானை அமுக்கினார், இறங்கவில்லை. உள்ளே ஈர மண் வாடையும் எண்ணெய் வாடையும் ஏற ஆரம்பித்தன. கூரை கொஞ்சம் தாழ்ந்துவிட்ட மாதிரி இருந்தது. மூச்சை இழுத்தால் பாதிதான் வந்தது.

"என் வீட்டுக்காரரு போய்ப் பதினாலு மாசம் ஆச்சு" என்றாள் அவள். "வண்டிய ஜாக்கி போட்டுத் தூக்கி, எண்ணெ ஒழுகுதான்னு கீழ படுத்துப் பாத்துக்கிட்டிருந்தாரு. அவரு அண்ணன், எங்க மாமா, மேல உக்காந்து எஞ்சின ஓட்டிக்கிட்டிருந்தாரு. மழை மண்ணு, ஜாக்கி சத்தமில்லாம எறங்கிடுச்சு. இவரு வாஷர் வாங்கக் கடைக்குப் போயிட்டாருன்னு மாமா நெனச்சுக்கிட்டாராம். ஒடனே உயிரு போயிடுச்சு, வலிகூடத் தெரிஞ்சிருக்காதுன்னு எல்லாரும் சொன்னாங்க. நானும் நம்புனேன்."

தட்டல்.

"அப்புறம் இந்த வண்டி தட்ட ஆரம்பிச்சுது. மாமா தூக்கித் தூக்கிப் பாத்தாரு, அது விடல. உன் புருசன் வண்டி, நீயே வச்சுக்கோன்னு சாவியக் குடுத்துட்டாரு. நான் எழுபத்திரண்டுல போறப்ப மொதத் தடவ அதக் கேட்டேன். எங்க வீட்டுக் கதவ அவரு இப்படித்தாண்ணே தட்டுவாரு. மாமா போன எடுத்துப் பாத்தேன். அன்னிக்கு அந்த நேரத்துல ஒரு நம்பருக்குப் பேசியிருக்காரு. ஏழு நிமிசம்."

அவள் இப்போதுதான் திரும்பி அவரைப் பார்த்தாள்.

"மேல யாருக்காவது கேட்டுச்சா, இல்லையா? அத மட்டும் சொல்லுங்க."

காதுக்காரருக்கு எல்லாம் விளங்கிவிட்டது. விளங்கியதோடு, இதைச் சொன்னால் இருபது வருடப் பெயர் என்ன ஆகும் என்பதும் தெரிந்தது. மறுபடியும் கதவுப் பூட்டை இழுத்துப் பார்த்தார். தட்டல் ஏறிக்கொண்டே வந்தது. உள்ளங்காலிலிருந்து முழங்காலுக்கு, இடுப்புக்கு, நெஞ்சுக்கூட்டுக்கு. மேலே கூரை உறுமியது. கடைசியில் பயம்தான் அவரைப் பேச வைத்தது.

"கேட்டுச்சும்மா!" என்று கத்தினார். "எனக்குக் கேட்டுச்சு. நான்தான் கிராஸுன்னு சொன்னேன். வண்டி ஓடுதா நிக்குதான்னு நான் கேக்கவே இல்ல. நிக்கிற வண்டியில ஷாஃப்ட் சுத்தாது. சுத்தாத ஷாஃப்ட்ல கிராஸ் தட்டாது. பச்சப் புள்ளைக்குக்கூடத் தெரியும். நான் கேக்கல. கேட்டிருந்தா அவரு கீழ குனிஞ்சு பாத்திருப்பாரு. நான் கேக்கல!"

ஆட்டம் நின்றது.

முள் மெதுவாக இறங்கியது. வண்டி ஓரமாகப் போய், ஒரு குலுக்கல்கூட இல்லாமல் நின்றது.

ரெக்கார்டு இருக்கிறதா என்று கேட்டாள். இருந்தது. தேதி போட்டு, 'பிக்கப் – கிராஸ் தேய்மானம்' என்று அவர் கைப்பட எழுதி வைத்திருந்தார். ஏழு நிமிடத்தையும் அவள் கேட்டாள். முதலில் தட்டல் அடுத்தடுத்து வந்தது. நாலாவது நிமிடத்தில் இடைவெளி நீண்டது. ஆறாவது நிமிடத்தில் காதுக்காரர் ஏதோ ஜோக் சொல்லிச் சிரிக்கிறார், அதற்குப் பிறகு மூன்றுதான் வந்தது, மெதுவான அந்த ஒன்று வரவில்லை. அவள் போனைத் திருப்பிக் கொடுத்தாள். கண்ணீர் சத்தமில்லாமல் வழிந்துகொண்டிருந்தது.

"இத எனக்கு அனுப்புங்க. அழிச்சிடாதீங்கண்ணே. அவரு கடைசியா என்னைக் கூப்பிட்டது இதுலதான் இருக்கு."

"சத்தியமா அனுப்பறேம்மா. இங்க டவர் இல்ல. பட்டறைக்குப் போனதும் அனுப்பறேன்."

"கண்டுபிடிச்சுட்டீங்க" என்றாள். "எறங்கிக்கலாம்."

கதவுப் பூட்டு 'டக்'கென்று தானாகத் திறந்தது.

அவர் ரோட்டோரம் நிற்க, வண்டி போனது. அறுபது, எழுபது, எழுபத்திரண்டைத் தாண்டிப் போயிருக்கும், பின் கண்ணாடியில் சூரியன் துளிகூட அசையவில்லை. அப்பாடா என்று பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தார். நடக்க நடக்கப் பயம் வடிந்தது, வேறொன்று ஊறியது. அந்த ஏழு நிமிடம் அவள் போனுக்குப் போனால் நாளைக்கு நாலு பேர் கேட்பார்கள். அந்தச் சிரிப்பைக் கேட்பார்கள். போலீஸ்காரனும் கேட்பான். எந்த முகத்தை வைத்துக்கொண்டு பட்டறையைத் திறப்பது?

பட்டறைக்கு வந்ததும் முதல் வேலையாக அதை அழித்தார். அவள் நம்பரையும் தடுத்து வைத்தார். 'போனவர் போயிட்டாரு, ரெக்கார்டு இருந்தா மட்டும் திரும்பி வந்துடவா போறாரு' என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். ஷட்டரைப் பாதி இறக்கி, துடைப்பத்தை எடுத்துத் தரையைக் கூட்டத் தொடங்கினார். வெளியே இன்னும் வெளிச்சம் இருந்தது.

போன் அடித்தது. தண்ணி லாரிக்காரர், பழைய வாடிக்கை. காதுக்காரர் எடுத்ததும் அந்தப் பக்கம் அது கேட்டது. இரும்பில் இரும்பு.

"வண்டி ஓடுதா, நிக்குதா?" என்று பதறிக் கேட்டார்.

"நிக்குதுண்ணே. ஏன்?"

"எஞ்சின ஆஃப் பண்ணு. கீழ குனிஞ்சு பாரு, யாராவது இருக்காங்களா பாரு!"

"என்னண்ணே ஆச்சு உங்களுக்கு? நான் வீட்டுல கட்டில்ல படுத்துக்கிட்டுப் பேசறேன். நாளைக்குப் பட்டறை உண்டான்னு கேக்கத்தான் கூப்புட்டேன்."

"பின்ன அந்தச் சத்தம்?"

"எந்தச் சத்தம்?"

காதிலிருந்து போனை எடுத்தார். சத்தம் போகவில்லை. வண்டி ஏதும் இல்லாத பட்டறை. நடுவில் அவர் மட்டும் நின்றார். சத்தம் சிமெண்டுத் தரைக்குக் கீழே இருந்து வந்தது.

மூன்று வேகமாக. ஒன்று மெதுவாக.

போனைத் தரையில் வைத்துவிட்டு மண்டியிட்டார். படுத்துக் காதைத் தரையில் வைத்தார். "கேக்குதுப்பா" என்றார். "எனக்குக் கேக்குது. மன்னிச்சிடுப்பா."

தட்டல் நின்றது.

மேலே ஒரு எஞ்சின் உறுமியது.

எழுந்திருக்கப் பார்த்தார். முதுகு நிமிரவில்லை. புரண்டு மல்லாந்தார். முகத்துக்கு ஒரு சாண் மேலே இருட்டு. அதில் எண்ணெய் வாடை. ஒரு சொட்டு நெற்றியில் விழுந்தது. மார்பின் மேல் ஏதோ இறங்கிக்கொண்டே வந்தது. அவசரமே இல்லாமல், மழை மண்ணில் ஜாக்கி இறங்குவது மாதிரி. கத்தினார், பாதி மூச்சில் கத்தல் வெளியே வரவில்லை. வலது கையால் தரையைத் துழாவினார்.

ஒரு ஸ்பேனர் கையில் பட்டது.

தட்டினார். தட்டினார். தட்டினார்.

பக்கத்தில் கிடந்த போனில் தண்ணி லாரிக்காரரின் குரல் உற்சாகமாக வந்தது.

"அட, இப்ப எனக்கும் கேக்குதுண்ணே. எந்த வண்டி அது? கிராஸ் போயிருக்கும் போல."